குழந்தை வழக்கமாக வசிக்கும் இடம்

குழந்தை அம்மாவிடம் இருக்க வேண்டுமா, அப்பாவிடம் இருக்க வேண்டுமா என்பதைத்தான் குடும்ப நீதிமன்றத்தில் விசாரிக்கிறார்கள் என்று நீங்கள் நினைத்துக்கொண்டிருந்தால், எங்கள் நீதிமன்றம் உங்களுக்குத் தெரியாது. இருபத்திரண்டு வருடம் அங்கே தட்டச்சு இயந்திரத்தின் முன்னாலும் பிறகு கம்ப்யூட்டரின் முன்னாலும் உட்கார்ந்திருந்தவள் சொல்கிறேன். எங்கள் முதல் கேள்வி அது இல்லை. அதைக் கேட்க எங்களுக்கு அதிகாரம் இருக்கிறதா என்பதுதான் எங்கள் முதல் கேள்வி. குழந்தை வழக்கமாக எந்த ஊரில் வசிக்கிறதோ, அந்த ஊர் நீதிமன்றம்தான் வழக்கை எடுக்கலாம் என்று சட்டம். நல்ல சட்டம்தான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் அம்மா ஒரு ஊரிலும் அப்பா ஒரு ஊரிலும் இருந்துவிட்டால், குழந்தை எந்த ஊர்க் குழந்தை என்று முடிவு செய்யவே இரண்டு வருடம், மூன்று வருடம் ஓடிவிடும். பால்பல்லோடு வந்த குழந்தைக்கு எல்லாப் பல்லும் விழுந்து முளைத்திருக்கும். அதற்கு அப்புறம்தான் உண்மையான வழக்கே ஆரம்பிக்கும்.

அந்த முதல் கேள்விக்குப் பதில் தேடி வீடு வீடாக ஏறி இறங்கிய மனிதர் ஒருவர் எங்களிடம் இருந்தார். கள விசாரணையாளர் என்பது பதவி. வக்கீல்கள் வைத்த பெயர் 'பழைய செருப்பு'. எதிரே வந்தால் "வணக்கம் சார்" என்பார்கள். அவர் தலை மறைந்ததும், "பழைய செருப்பு இன்னைக்கு யாரைக் கடிக்கப் போகுதோ" என்று சிரிப்பார்கள். நான் அவரை அண்ணன் என்றுதான் கூப்பிட்டேன். குள்ளம், கொஞ்சம் தொப்பை, தோளில் ஒரு துணிப்பை, எந்த வெயிலிலும் முழங்கால்வரை தடித்த காலுறை. ஐந்து முறை நாய்க்கடி வாங்கியவர். எந்த நாய், எந்த வழக்கு என்று கேட்டால் எண்ணோடு சொல்வார். "எல்லாம் அப்பாமாருங்க வளர்த்த நாய்தான் தங்கச்சி. அம்மாமாருங்க வீட்ல பூனை. அது கடிக்காது, ஆனா நம்மள ஒரு மனுஷனாவே மதிக்காது" என்பார்.

பட்டப்பெயருக்குக் காரணம் அவருடைய வேலைமுறை. குழந்தை எங்கே வசிக்கிறது என்று அவர் யாரையும் கேட்கவே மாட்டார். கேட்டால் பொய்தான் வரும். வீட்டுக்குள் போய், குழந்தைக்குச் சின்னதாகிப்போன பொருள் ஏதாவது கிடக்கிறதா என்று தேடுவார். கட்டிலுக்கு அடியில், பரண் மேல், அலமாரிக்குப் பின்னால், எங்கும் முட்டி போட்டுத் தேடுவார். "புதுச் செருப்பு யாரு வேணா வாங்கி வைக்கலாம். காலுக்குப் பத்தாத செருப்பு, குழந்தை வளர்ந்த வீட்ல மட்டும்தான் கிடக்கும்." இரண்டு பையன்களுக்கும் மீசை முளைத்து வேலைக்குப் போன பிறகு அவர் வீட்டுப் பரணில் ஒரு விரல் நீளச் செருப்பு அகப்பட்டதாம். அன்றைக்கு வந்த யோசனை இது. அவர் மனைவி, எனக்கு அண்ணி, என்னிடம் முறையிடுவார்: "ஊரான் வீட்டுக் கட்டிலுக்கு அடியில குனிஞ்சு குனிஞ்சே இவரு முதுகு போச்சு. நம்ம வீட்டுக் கட்டிலுக்கு அடியில ஒரு நாளாவது கூட்டியிருப்பாரா, கேளு!"

அவர் எழுதும் அறிக்கையை நான்தான் தட்டச்சு செய்ய வேண்டும். அவருக்குத் தட்டச்சு வராது, கற்றுக்கொள்ளவும் மாட்டேன் என்று அடம். கையெழுத்து மட்டும் முத்துமுத்தாக இருக்கும்; அந்தக் கைப்பிரதியின் நகலும் அறிக்கையோடு வக்கீல்களுக்குப் போகும். ஒவ்வொரு 'ழ'வின் வாலையும் அடுத்த எழுத்துக்குக் கீழே வரை இழுத்துச் சுழித்து விடுவார். கட்டில் எத்தனை அடி, மெத்தையில் குழி விழுந்திருக்கிறதா, பல்துலக்கியின் மயிர் வளைந்திருக்கிறதா என்று எல்லாம் இருக்கும். அம்மா நல்லவளா, அப்பா கெட்டவரா என்று ஒரு வார்த்தை இருக்காது. "அது என் வேலையில்ல" என்பார்.

எனக்கு அந்த அறிக்கைகளைத் தட்டச்சு செய்யச் செய்ய மனிதர்கள் மேலேயே வெறுப்பு வரும். காரணம், எங்கள் விதிப்படி அவர் ஒரு வீட்டுக்குப் போவதற்கு மூன்று நாள் முன்னால் அறிவிப்பு அனுப்ப வேண்டும். அந்த மூன்று நாளில் ஜனங்கள் அடிக்கிற கூத்து இருக்கிறதே! சுவர் நிறைய ஓவியம் ஒட்டுவார்கள். ஒட்டிய பசை காய்ந்திருக்காது. ஒரு வீட்டில் நாலு வயதுப் பையனின் அறையில் இருந்த கதைப் புத்தகங்கள் எல்லாம் கடைக்கட்டுப் பிரிக்காமல் இருந்தன. ஒரு காது பிய்ந்த பொம்மை முயல் ஒன்றை அண்ணன் ஒரே வருடத்தில் மூன்று வீட்டில் பார்த்தார். மூன்றுக்கும் ஒரே வக்கீல். கட்சிக்காரர்களுக்கு அந்த ஆள் முயலை இரவல் கொடுத்துக்கொண்டிருந்தார். தானும் ஒரு பெண்குழந்தைக்கு அப்பா. மதியம் அதே கையால் சாப்பாட்டு டப்பாவைத் திறந்து எங்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடுவார், எனக்குத்தான் இறங்காது.

இந்தக் கதை கண் டாக்டரம்மாவும் பாலம் கட்டும் இன்ஜினியரும் நடத்திய வழக்கைப் பற்றியது. டாக்டரம்மா எங்கள் நகரம். இன்ஜினியர் ஆற்றுக்கு அந்தப் பக்கத்து நகரம். இரண்டையும் சேர்க்கிற பாலத்தைக் கட்டியவர்களில் அவரும் ஒருவர் என்று அண்ணன் சொன்னபோது நான் சிரித்தேன், அண்ணன் சிரிக்கவில்லை. ஒரே மகள். அந்தம்மா எங்கள் நீதிமன்றத்தில் மனுப் போட்டார், அவர் அந்த நீதிமன்றத்தில் மனுப் போட்டார். மனுப் போடும்போது குழந்தைக்கு நாலு வயது. எந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் என்பதை முதலில் எங்கள் நீதிமன்றம் முடிவு செய்யட்டும் என்று ஆனது. அதுவரை குழந்தை பதினைந்து நாள் அம்மாவிடம், பதினைந்து நாள் அப்பாவிடம் என்று இடைக்கால உத்தரவு. அதையும் நான்தான் தட்டச்சு செய்தேன். வாய்தா மேல் வாய்தா. ஒரு வக்கீலுக்குக் காய்ச்சல், இன்னொரு வக்கீலுக்கு வேறு நீதிமன்றத்தில் வேலை, அப்புறம் நீதிபதி மாற்றல். குழந்தைக்கு ஆறு வயது முடிந்தது.

புதிதாக வந்த நீதிபதி அம்மா கறாரானவர். வழக்குக் கட்டைப் பிரித்துப் பார்த்துவிட்டு, "ரெண்டு வருஷமா குழந்தை எங்க இருக்குன்னே தெரியாம என்ன பண்ணிட்டிருந்தீங்க?" என்று கேட்டார். கேட்டுவிட்டு அண்ணனை அனுப்பினார்.

முதலில் டாக்டரம்மா வீடு. குழந்தைக்குத் தனி அறை, இளநீலச் சுவர், கட்டில், மேசை, அலமாரி. வரிசையாக நாலு ஜோடி செருப்பு. நாலும் குழந்தையின் காலுக்குக் கச்சிதம். அலமாரியில் இருந்த உடைகள் எல்லாம் ஆறு வயதுக்கு, ஏழு வயதுக்கு. அடுத்த வாரம் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இன்ஜினியர் வீடு. இளஞ்சிவப்புச் சுவர், ஐந்து ஜோடி செருப்பு. ஐந்தும் கச்சிதம். இரண்டு வீட்டிலும் அண்ணன் முட்டி தேயத் தேடினார். குழந்தைக்குச் சின்னதாகிப்போன ஒரு துணி, ஒரு காலுறை, ஒரு கடித்த பென்சில்கூட இல்லை.

இரண்டு வீட்டிலும் குழந்தை ஒரே கவுனைத்தான் போட்டுக்கொண்டிருந்தாள். பிடித்த கவுனாக இருக்கும். அண்ணன் முட்டி போட்டு எழுந்திருக்கும்போது கண்ணுக்கு நேரே அதன் கீழ்மடிப்பு. மடிப்பைப் பிரித்து இறக்கிவிட்ட கோடு இரண்டு இருந்தது. வளர வளர இரண்டு முறை இறக்கியிருக்கிறார்கள், கைத்தையல். டாக்டரம்மா வீட்டில் ஊசிநூல் டப்பா என்று ஒன்று இல்லை. இன்ஜினியர் வீட்டிலும் இல்லை.

"இதை யாரு பாப்பா இறக்கி விட்டது?" என்று இன்ஜினியர் வீட்டில் அண்ணன் கேட்டிருக்கிறார்.

அப்பா அடுத்த அறையில் தொலைபேசியில் இருந்தார். குழந்தை எட்டிப் பார்த்துவிட்டு, "பெரியம்மா" என்றாள்.

அம்மாவுக்கு அக்காவும் கிடையாது, அப்பாவுக்கு அண்ணனும் கிடையாது. அது வழக்குக் காகிதத்திலேயே இருக்கிற விவரம். "பெரியம்மா எங்க இருக்காங்க?"

"ரயிலு கடைசியா நிக்கும்ல, அங்க. அதுக்கு மேல தண்டவாளமே கிடையாது மாமா!"

அண்ணன் என்னிடம் இதைச் சொன்னபோது, "விட்டுடுங்கண்ணே. உங்களை ரெண்டு வீட்டத்தான் பாக்கச் சொன்னாங்க" என்றேன். ஆமாம், நான்தான் சொன்னேன். அவர் ஒரு நாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு ரயில் ஏறிவிட்டார்.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதை ஆனது. தண்டவாளம் முடிகிற ஊரில், ஸ்டேஷனுக்குப் பின்னால், துணி அளவு மாற்றித் தைத்துக் கொடுக்கிற ஒரு சின்னக் கடை. முன்னால் கடை, பின்னால் ஓர் அறை. கதவு நிலையில் பென்சிலால் உயரக் கோடுகள், பக்கத்தில் தேதிகள். கதவுக்குப் பின்னால் ஒரு பிளாஸ்டிக் கூடையில் ஒன்றைவிட ஒன்று சின்னதாக ஏழு ஜோடிச் செருப்பு. அண்ணன் அவற்றைத் தரையில் வரிசையாக வைத்து அளந்து எழுதிக்கொண்டார். முப்பது வருட வேலையில் இப்படி ஒரு வரிசையைப் பார்த்ததில்லை என்றார்.

கடைக்காரம்மாள் முன்பு எங்கள் நகரத்தில் குழந்தைகள் காப்பகம் நடத்தியவர். குழந்தை பிறந்த ஐந்தாம் மாதம் முதல் அவரிடம்தான் பகலெல்லாம் இருந்தாள். காப்பகத்தை மூடிவிட்டுத் தம்பி வீடு இருக்கும் ஊருக்கு வந்து கடை போட்டார். அவர் அண்ணனிடம் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"முதல்ல டாக்டரம்மா கூட்டிட்டு வந்தாங்க சார். 'எனக்கு ஆபரேஷன் ஒண்ணு மாத்தி ஒண்ணு. என்னோட பதினஞ்சு நாளும் இங்க இருக்கட்டும், அவருக்குத் தெரிய வேணாம்'னாங்க. சரின்னேன். அடுத்தது அவரு வந்தாரு. 'சைட்டுல வேலை, என்னோட பதினஞ்சு நாளும் இருக்கட்டும், அவளுக்குத் தெரிய வேணாம்'னாரு. அதுக்கும் சரின்னேன். வேற என்ன சார் சொல்றது? பச்சக் குழந்தையத் தெருவுலயா விட முடியும்? ஒரு நாள் ரெண்டு காரும் ஒரே நேரத்துல வாசல்ல வந்து நின்னுது. ஒருத்தர ஒருத்தர் பாத்தாங்க. நான் நடுங்கிட்டேன், சண்டை வரப்போகுதுன்னு. ஒண்ணும் பேசல சார். ரெண்டு பேரும் வண்டியத் திருப்பிட்டுப் போயிட்டாங்க. அதுக்கப்புறம் ரெண்டு பேருக்கும் தெரியும். ரெண்டு பேரும் சொல்லிக்கல."

கோர்ட்டில் அந்த இருவரும் போட்ட சண்டையை நான் வரிவரியாகத் தட்டச்சு செய்திருக்கிறேன். 'குழந்தை என் மார்பில் தலை வைத்தால்தான் தூங்குகிறாள்' என்று அப்பா. 'நான் ஊட்டினால்தான் சாப்பிடுகிறாள்' என்று அம்மா. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்களே, இவர்கள் முழுக் குழந்தையை மறைத்திருந்தார்கள். உண்மையைச் சொன்னால் தானும் மாட்டிக்கொள்வோம் என்று இரண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு, வாய்தாவுக்கு வாய்தா வந்து ஒருவரையொருவர் முறைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். கள விசாரணைக்கு அறிவிப்பு போனால் மட்டும் அந்த ஊருக்குப் போய்க் குழந்தையை அழைத்துவந்து அலங்காரம் பண்ணி நிறுத்தினார்கள். சீ!

அண்ணன் அறிக்கையை எழுதிக் கொடுத்தார். நான் தட்டச்சு செய்தேன். நீதிபதி அம்மா இரண்டு தரப்பையும் நிறுத்திக் கேட்டார். இரண்டு வக்கீலும் கூரையைப் பார்த்தார்கள். டாக்டரம்மா அழுதார். இன்ஜினியர், "தற்காலிக ஏற்பாடு" என்றார். பள்ளிக்கூடப் பதிவேடு வரவழைக்கப்பட்டது. இரண்டு வருடமாகக் குழந்தை அந்த ஊர்ப் பள்ளியில்தான் படிக்கிறாள், பாதுகாவலர் இடத்தில் கடைக்காரம்மாளின் கையெழுத்து. இதற்கு மேல் என்ன வேண்டும்? நாற்பத்தோரு பக்க உத்தரவு. குழந்தை வழக்கமாக வசிக்கும் இடம் மூன்றாவது ஊர். ஆகவே எங்கள் நீதிமன்றத்துக்கும் அதிகாரம் இல்லை, ஆற்றுக்கு அந்தப் பக்கத்து நீதிமன்றத்துக்கும் இல்லை. இரண்டு மனுவும் உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்துகொள்ளத் திருப்பித் தரப்படுகின்றன. சட்டப்படி ஓர் எழுத்து தப்பில்லை. இடைக்கால உத்தரவும் அதோடு முடிந்தது.

அண்ணன் அன்றைக்கு நிம்மதியாக இருந்தார். "இனிமே அந்த ஊர்லயே விசாரணை. ஜட்ஜ் குழந்தைய நேர்ல பாப்பாங்க. நல்லது தங்கச்சி" என்றார். அந்த ஊர் நீதிமன்றத்தில் மனுவுக்கு எண் போடுகிற எழுத்தர் அவருக்குப் பழக்கம். பத்து நாள் கழித்துக் கூப்பிட்டு, "வந்துச்சா?" என்று கேட்டார். வரவில்லை. ஒரு மாதம் கழித்துக் கேட்டார். வரவில்லை. மூன்று மாதம் கேட்டார்.

காரணம் எனக்கு வராந்தாவில் தெரிந்தது. முயல் இரவல் கொடுக்கிற அதே வக்கீல்தான் டாக்டரம்மாவுக்கும் வக்கீல். காபி குடித்துக்கொண்டே விளக்கினார்: "அந்த ஊர்ல போய் மனுப் போட்டா, குழந்தைய நாங்க வளர்க்கலன்னு நாங்களே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்ல? அவங்க போடட்டும்னு நாங்க காத்திருக்கோம். நாங்க போடுவோம்னு அவங்க காத்திருக்காங்க."

"அதுவரைக்கும் குழந்தை?" என்றேன்.

"அதுதான் அங்க நல்லா இருக்காளே. எங்க மேடத்துக்கிட்டச் சொல்லிட்டேன், அந்த ஊர்ப் பக்கமே போகாதீங்கன்னு. போய்ப் போய்ப் பாத்துட்டு வந்தா, அந்த ஊரோட அதிகாரத்த ஏத்துக்கிட்டதா நாளைக்கு வாதாடுவாங்க. அந்தப் பக்கத்து வக்கீலும் அவரு ஆளுக்கு அதத்தான் சொல்லியிருப்பாரு. விவரம் தெரிஞ்சவரு."

அவர் முகத்தில் காபியை ஊற்றவில்லை நான். உத்தரவுப் பிரதியை எடுத்துக்கொண்டு என் இருக்கைக்குப் போய்விட்டேன்.

இதைச் சொன்னதும் அண்ணன் அடுத்த ரயிலில் போனார். அம்மாவும் வரவில்லை, அப்பாவும் வரவில்லை, மூன்று மாதமாகத் தொலைபேசியும் இல்லை. தலைமையாசிரியர் வேறு கடைக்காரம்மாளைக் கூப்பிட்டு, நீதிமன்றத்துக்குப் பதிவேடு போன பிறகு இனி கண்டவர் கையெழுத்தை ஏற்க முடியாது, அடுத்த வகுப்புக்குச் சட்டப்படியான பாதுகாவலர் கையெழுத்து வேண்டும், இல்லாவிட்டால் பெயரை எடுத்துவிடுவோம் என்று சொல்லியிருந்தார். கடைக்காரம்மாள் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். குழந்தை பள்ளியிலிருந்து வந்தவள் அண்ணனைப் பார்த்ததும் பையைக்கூட இறக்காமல் ஓடிவந்து, "மாமா, மறுபடியும் வீடு பாக்க எப்போ வருவீங்க?" என்று கேட்டிருக்கிறாள்.

"எதுக்கும்மா?"

"நீங்க வரேன்னு சொன்னாத்தானே எங்கம்மா வந்து கூட்டிட்டுப் போவாங்க? அப்புறம் அப்பா வருவாரு. சீக்கிரம் சொல்லுங்க மாமா."

இதை என்னிடம் சொல்லிவிட்டு அண்ணன் துணிப்பையைக் கழற்றி என் மேசை மேல் வைத்தார். "உண்மைய எழுதினேன். அந்தப் புள்ளைக்கு இருந்த கொஞ்சநஞ்சத்தையும் என் உண்மை புடுங்கிடுச்சு" என்றார். சரியாக எழுதிய ஒரு மனிதர் குற்றவாளி மாதிரி என் முன்னால் நின்றார். தப்பு செய்தவர்கள் இரண்டு ஊரிலும் வேலைக்குப் போய்வந்துகொண்டிருந்தார்கள்.

ஒரு வழி இருக்கிறது என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். குழந்தையின் நலனில் அக்கறை உள்ள யாரும் பாதுகாவலராக நியமிக்கச் சொல்லி மனுப் போடலாம். கடைக்காரம்மாளே போடலாம். அவருக்கு மனு எழுதத் தெரியாது, அந்த ஊரில் இருக்கும் நாலு வக்கீலும் டாக்டரம்மாவையும் இன்ஜினியரையும் பகைத்துக்கொள்ளத் தயாரில்லை. நீதிமன்ற ஊழியர் யாருக்கும் மனு எழுதிக் கொடுக்கக் கூடாது என்பது எங்கள் பணி விதி. அண்ணன் சொல்லச் சொல்ல நான் தட்டச்சு செய்தால் அரை மணி நேர வேலை. யார் செய்தது என்று உலகத்தில் ஒருவருக்கும் தெரியாது.

"அடிச்சுக் குடு தங்கச்சி" என்று கேட்டார்.

"எனக்குப் பயமா இருக்குண்ணே" என்றேன்.

 "சரி, விடு" என்றார். கோபம்கூட இல்லை. அதற்குப் பிறகு ஒரு நாளும் அதைப் பற்றிப் பேசவில்லை. மற்றவர்களைப் பற்றி இவ்வளவு எழுதுகிறேனே, என்னைப் பற்றி நினைத்தாலும் எனக்கு அதே வெறுப்புதான்.

அவர் தன் கையால் பதினான்கு பக்கம் எழுதினார். கடைக்காரம்மாள் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டார். அந்த ஊர் நீதிமன்றம் எண் கொடுத்தது. அம்மாவுக்கும் அப்பாவுக்கும் மனுவின் நகல் போனது. முயல் வக்கீல் முதல் பக்கத்தைப் பார்த்த உடனேயே 'ழ'வின் வாலைக் கண்டுபிடித்துவிட்டார். பத்து வருடமாக அந்தக் கையெழுத்தில் அடிவாங்கியவர் இல்லையா? அன்றே புகார்.

ஒரு குழந்தை எந்த ஊரில் இருக்கிறது என்று கண்டுபிடிக்க எங்களுக்கு இரண்டரை வருடம் ஆனது. அண்ணன் செய்தது தவறு என்று கண்டுபிடிக்கப் பதினோரு நாள். விசாரணை அதிகாரி கேட்டதற்கெல்லாம் "ஆமா, நான்தான் எழுதினேன்" என்றார். வேறு யாராவது உதவினார்களா என்ற கேள்விக்கு "இல்ல" என்றார். அது உண்மைதான். 'அதிகாரமின்றிச் செயல்பட்டதற்காகக் கட்டாய ஓய்வு' என்று உத்தரவு. நான்தான் தட்டச்சு செய்தேன். எழுத்துப்பிழை இல்லாமல் செய்தேன்.

அந்த ஊரில் வழக்கு முதன்முதலாகக் கூப்பிடப்பட்ட நாளில் நான் விடுப்பு போட்டுவிட்டு அண்ணனோடு ரயில் ஏறினேன். இந்த ஒன்றையாவது செய்யலாம் என்று. சின்ன நீதிமன்றம், ஒரே கூடம், நீளமான இரண்டு பெஞ்சு. கடைக்காரம்மாள் தேய்த்த சேலை கட்டி, குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். கொஞ்ச நேரத்தில் ஒரு கார் வந்தது. பின்னாலேயே இன்னொரு கார். டாக்டரம்மாவும் வந்தார், இன்ஜினியரும் வந்தார். குழந்தை எழுந்து நின்றுவிட்டாள். "பெரியம்மா, ரெண்டு பேரும் வந்துட்டாங்க! ரெண்டு பேரும்!" என்று அவள் கத்தியதில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

டாக்டரம்மா குனிந்து குழந்தையின் கன்னத்தைத் தொட்டார், ரிப்பனைச் சரிசெய்தார். கண் கலங்கியிருந்தது, பொய்யில்லை. "மேடம்" என்று வக்கீல் இருமினார். அந்தம்மா கையை எடுத்துவிட்டுப் போய் எதிர்ப் பெஞ்சில் உட்கார்ந்தார். பக்கத்தில் இன்ஜினியர். இரண்டரை வருடம் ஒரே வராந்தாவில் எதிரெதிர் மூலையில் நின்றவர்கள், அன்றைக்கு ஒரே பெஞ்சில். அவர்களுடைய இரண்டு வக்கீலும் சேர்ந்து ஒரே மனுவை நீட்டினார்கள். 'குழந்தை வழக்கமாக இந்த ஊரில் வசிக்கவில்லை, தற்காலிகமாகத் தங்கியிருக்கிறாள். இந்த நீதிமன்றத்துக்கு இவ்வழக்கை விசாரிக்கும் அதிகாரம் இல்லை. அதை முதற்கண் முடிவு செய்ய வேண்டும்.'

பக்கத்தில் உட்கார்ந்திருந்த அண்ணன் கண்ணை மூடிக்கொண்டார்.

நீதிபதி இளைஞர், பொறுமையாகப் படித்தார். வழக்கு முடியும்வரை பள்ளிக்கூடக் காகிதங்களில் கடைக்காரம்மாள் கையெழுத்திடலாம் என்று மட்டும் உத்தரவிட்டார். அதிகாரம் பற்றிய கேள்வியை முதலில் எடுத்துக்கொள்வதாகவும், இரு தரப்பும் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும், ஒவ்வொரு வாய்தாவுக்கும் நேரில் வர வேண்டும் என்றும் சொல்லி மூன்று மாதம் தள்ளிப்போட்டார். கார்கள் இரண்டும் வந்த வழியே போயின. போகும்போது இரண்டு பேரும் குழந்தைக்குக் கை காட்டினார்கள்.

நாங்கள் வாசல் படியில் நின்றுகொண்டிருந்தோம். கார் போன திசையைப் பார்த்துவிட்டுக் குழந்தை அண்ணனிடம் வந்தாள்.

"மாமா, அடுத்த தடவையும் ரெண்டு பேரும் வருவாங்களா?"

"வருவாங்கம்மா. ஜட்ஜ் சொல்லியிருக்காரு."

அவள் கொஞ்சம் யோசித்தாள். "இந்தக் கேஸ் சீக்கிரம் முடிஞ்சிடுமா?"

அண்ணனுக்குக் குழந்தைகளிடம் பொய் சொல்ல வராது. "இல்லம்மா. ரொம்ப நாளாகும். வருஷக் கணக்குல ஆகும்."

"அப்பாடா!" என்று சொல்லிவிட்டு, அவள் பெரியம்மாவிடம் ஓடினாள்.